கடைசி வரிசையில் அம்மன்

கல்யாண மண்டபத்தில் மைக்செட்காரனுக்கென்று ஓர் இடம் உண்டு. கடைசி மூலையில், பந்திக்குப் போகும் வாசலை ஒட்டி ஒரு டெஸ்க், அதன் மேல் ஆம்ப்ளிஃபயர், பின்னால் ஒரு பிளாஸ்டிக் நாற்காலி. அங்கே யாரும் வந்து உட்கார மாட்டார்கள். பாட்டைக் குறை என்பார்கள், வெள்ளைக் காரை நகர்த்தச் சொல் என்பார்கள், சொன்ன கையோடு போய்விடுவார்கள். நானும் இருபது வயதிலிருந்து அந்த மூலையில்தான் உட்கார்ந்திருக்கிறேன். கல்யாணத்தின் முதுகைத்தான் நான் பார்த்திருக்கிறேனே தவிர முகத்தைப் பார்த்ததில்லை.

தென்காசியில் ஒரு கல்யாணம். முகூர்த்தத்துக்குச் சற்று முன்னால் ஓர் அம்மாள் நாற்காலி ஒன்றை இழுத்துக்கொண்டு வந்து என் பக்கத்தில் போட்டு உட்கார்ந்தார். ஒட்ட வெட்டிய நரைமுடி, நல்ல பட்டுச்சேலை, அதற்குச் சம்பந்தமே இல்லாமல் காலில் நடைப்பயிற்சி ஷூ.

"முன்னாடி இடம் இருக்குக்கா," என்றேன்.

"இருக்கட்டும். இங்கன இருந்து என்ன தெரியுதுன்னு பாக்கேன்."

"இங்கன இருந்து ஒண்ணும் தெரியாது."

"அதத்தான் பாக்கேன்."

கெட்டிமேளம் முழங்கியது. கூட்டம் எழுந்து நின்று அரிசியைத் தூவியது. அக்கா மட்டும் எழவில்லை. எல்லாரும் உட்கார்ந்த பிறகு என் பக்கம் திரும்பி, "பொண்ணு அழுதா. சரியா அந்த நேரத்துல கேமராக்காரன் முதுகு வந்து மறைச்சிட்டு. இங்கன இருக்கவன் மட்டும் என்ன பாவம் செஞ்சான்?" என்றார். இத்தனை வருடத்தில் எனக்காகப் பரிந்து பேசிய முதல் ஆள் அவர்தான்.

ஊர் எது என்று கேட்டேன். சொன்னார். என் ஊர். கீழப்பாவூருக்குப் போகும் வழியில் உள்ள எங்கள் சின்ன ஊர்தான். யார் வீடு என்று கேட்டேன். இன்ஸ்பெக்டர் அண்ணாச்சியின் தங்கச்சி. எனக்குச் சட்டென்று எழுந்து நிற்க வேண்டும்போல் இருந்தது. அண்ணாச்சி ரிட்டயர் ஆகிப் பல வருடம் ஆகியும், அவர் பெயரைக் கேட்டால் எங்கள் ஊரில் உட்கார்ந்திருப்பவன் எழுந்துகொள்வான்.

எங்கள் ஊரைப் பற்றி ஒன்று சொல்லிவிட வேண்டும். வயலும் தோட்டமுமாக இருந்த குடும்பங்கள். இப்போது பாதிப் பேர் போலீஸ், மீதிப் பேர் பட்டாளம். எந்தத் தெருவில் நடந்தாலும் கொடியில் ஒரு காக்கிச் சட்டையாவது காயும். அம்மன் கோவில் கொடைத் திருவிழாவுக்குக் கமிட்டித் தலைவர் இன்ஸ்பெக்டர் அண்ணாச்சி. அவருக்கு ஒரு தங்கச்சி லண்டனில் இருக்கிறாள், காலேஜில் வேலை பார்க்கிறாள் என்பது ஊருக்கெல்லாம் தெரியும். தெரியும் என்றால், அண்ணாச்சி சொல்லித் தெரியும்.

"காலேஜ்ல இருக்கியன்னு அண்ணாச்சி சொல்லுவாவ," என்றேன்.

"என்ன பாடம்னு கேட்டியா?"

"இல்லக்கா."

"கேட்டிருக்கலாம்லே. அவன் என்ன சொல்லுதான்னு எனக்கும் தெரிஞ்சிருக்கும்." சிரித்துவிட்டுச் சொன்னார்: "நான் நாடகக்காரி. நடிப்பேன், நாடகம் எழுதுவேன், மேடையேத்துவேன். அங்கன போனதுல இருந்து அதுதான் என் வேலை."

அதை அவர் சொன்ன விதம் எனக்கு இன்னும் காதில் இருக்கிறது. எங்கள் பக்கம் அந்தச் சொல்லைக் குரலைத் தாழ்த்திக்கொண்டுதான் சொல்வார்கள். அக்கா, 'நான் கலெக்டர்' என்று ஒருவர் சொல்வதுபோலச் சொன்னார்.

அதன் பிறகு ஒவ்வொரு சீசனுக்கும் வருவார். குற்றாலத்தில் தண்ணீர் விழத் தொடங்கிவிட்டது என்று செய்தி கேட்டால் லண்டனில் டிக்கெட் போட்டுவிடுவார். அண்ணன் வீட்டில்தான் தங்குவார். அண்ணனும் தங்கச்சியும் ஒரே தட்டில் சாப்பிடாத குறையாகப் பாசமாக இருப்பார்கள். ஆனால் நாடகம் என்ற பேச்சு மட்டும் அந்த வீட்டுக்குள் நுழையாது.

அதற்குக் காரணம் இருந்தது. அக்காவை வெளிநாட்டுக்கு அனுப்ப அவர்கள் அப்பாவுக்குச் சம்மதமே இல்லை. அண்ணாச்சிதான் ஒற்றைக்காலில் நின்றார். 'என் தங்கச்சி வக்கீலாகத் திரும்பி வருவாள், அதற்கு நான் பொறுப்பு' என்று அப்பாவுக்கு வாக்குக் கொடுத்து, தானே கூட்டிக்கொண்டு போய் வழியனுப்பினார். அக்கா அங்கே ஒரு வருடம் சட்டம் படித்தார். பிறகு நாடகத்துக்குப் போய்விட்டார். அப்பா சாகும்வரை அண்ணாச்சி அவரிடம் 'படிச்சிட்டிருக்கா' என்று சொன்னார். அப்பா போன பிறகு அதையே 'காலேஜ்ல வேலை பாக்கா' என்று மாற்றி ஊருக்குச் சொன்னார். பழகிய பொய்யைக் கைவிட அவருக்கு வழி தெரியவில்லை என்றுதான் நினைக்கிறேன். ஸ்டேஷனில் எத்தனையோ பேரை உண்மையைச் சொல்ல வைத்தவர்.

ஐந்தருவிக்குப் போயிருந்தபோது அக்காவே என்னிடம் அதைச் சொன்னார். என் வீட்டுக்காரி பெண்கள் பக்கம் குளித்துக்கொண்டிருந்தாள். நானும் அக்காவும் மிளகாய் பஜ்ஜிக் கடையில் நின்றுகொண்டிருந்தோம். "லண்டன்ல என்னைய நாடகக்காரின்னு சொல்ல ஆயிரம் பேரு இருக்கான். எங்க ஊர்ல ஒருத்தன் சொல்லணும். அந்த ஒருத்தன் எங்க அண்ணனா இருக்கணும். வேற ஆசை ஒண்ணும் இல்லலே எனக்கு."

பஜ்ஜியை ஊதித் தின்றுகொண்டேதான் சொன்னார். நான்தான் என் பஜ்ஜியை ஆறவிட்டேன்.

அருவிக்கு வந்தாலும் அவருக்கு அந்தக் கடைசி இடத்து வியாதி தீராது. எல்லாரும் தண்ணீருக்குக் கீழே முண்டியடிப்பார்கள். இவர் கார் நிறுத்தும் இடம் வரைக்கும் பின்னாலேயே நடந்து போய் நின்றுகொண்டு, அருவிச் சத்தம் எதுவரை வருகிறது என்று கேட்பார். பஸ்ஸில் ஏறினால் கடைசி சீட். கோவிலில் தீபாராதனையின்போது கொடிமரத்துக்கும் அந்தப் பக்கம். கீழப்பாவூரில் நரசிம்மரைப் பார்க்கக் கூட்டத்தோடு போனபோதும் அப்படித்தான். அர்ச்சகர் சொன்ன பெயரும் நட்சத்திரமும் அங்கே கேட்கவில்லை என்று பிறகு அவரிடமே போய்ச் சொல்லிவிட்டார். அந்த மனுஷர் மறுபடி அர்ச்சனை செய்தார், கொஞ்சம் சத்தமாக.

இந்தப் பழக்கம் எங்கிருந்து வந்தது என்று ஒரு தடவை கேட்டேன். லண்டனில் முதன்முதலாக நாடகம் பார்க்கப் போனபோது, இருப்பதிலேயே மலிவான டிக்கெட்டில் கூரைக்குக் கீழே ஒரு தூணுக்குப் பின்னால் உட்கார்ந்தாராம். கழுத்தை ஒடித்துப் பார்த்தால் நடிகரின் உச்சந்தலை தெரியும். பேசுவதில் பாதிதான் வந்து சேரும். பக்கத்தில் ஒரு வெள்ளைக்காரக் கிழவர், பஸ் கண்டக்டராக இருந்தவர், காதில் கையைக் குவித்துக்கொண்டு முன்னால் சாய்ந்து சாய்ந்து கேட்டுக்கொண்டிருந்தாராம். "அந்தாளு கையப் பாத்ததும் எனக்குக் கோவம் வந்துட்டுலே. சட்டத்தைப் படிச்சு எவனுக்கோ நியாயம் கேக்கதுக்குப் பதிலா, இந்தக் கிழவனுக்கு ஒரு நியாயம் வாங்கிக் குடுப்போம்னு தோணிச்சு." இப்படியும் ஒருவர் நாடகத்துக்குப் போவாரா என்று எனக்குச் சிரிப்பாக வந்தது. ஆனால் அக்கா போனது அப்படித்தான்.

போன இடத்தில் ஒன்றும் ஆரத்தி எடுக்கவில்லை. இந்த நிறத்துக்கு அங்கே இரண்டு வேடம்தான் தருவார்களாம்: ஆஸ்பத்திரி நர்ஸ், மளிகைக் கடைக்காரன் பெண்டாட்டி. தட்டில் டீயைக் கொண்டு வந்து வைத்துவிட்டு உள்ளே போக வேண்டும். வருடக்கணக்காக டீ கொண்டுபோனார். 'பேசுவதற்கு ஒரு வரிதான் இருக்கும், ஆனால் அந்த வரி கூரை வரைக்கும் போகும்' என்று அதில் அவருக்கு ஒரு கர்வம். பிறகு டீ கொண்டுபோய் அலுத்து, டீ கேட்கிறவளாக ஒருத்தியை வைத்துத் தானே நாடகம் எழுதினார். அது ஓடியது. அடுத்து இன்னொன்று. பிறகு மற்றவர்களை ஆட்டுவிக்கும் இடத்துக்கும் வந்தார். ஒத்திகையில் டைரக்டர் முன்வரிசையில் உட்காருவதுதான் அங்கே வழக்கமாம். இவர் உச்சியில் ஏறி உட்கார்ந்துகொண்டு 'கேட்கவில்லை' என்று சொல்லிக்கொண்டே இருப்பாராம். பெரிய பெரிய நடிகர்களெல்லாம் முணுமுணுத்திருக்கிறார்கள். "முணுமுணுத்தது எனக்குக் கேட்டுச்சு. அதையே வசனத்துலயும் செய்யுங்கன்னேன்," என்றார்.

மைக் என்றால் அவருக்கு ஆகாது. என் முகத்துக்கு நேராகவே சொல்வார்: "உன் பெட்டி எல்லாருக்கும் ஒரே சத்தத்தக் குடுக்குது. அதுல யாரு யாருகிட்டப் பேசுதான்னு இல்லாமப் போவுது." எனக்குச் சுருக்கென்று இருக்கும். காதுகுத்துக்குக்கூடத் தெருவுக்கு இரண்டு பெட்டி கட்டுகிற ஊரில், மைக் வேண்டாம் என்கிற ஒரே ஜீவன், என்னிடமே வந்து உட்கார்ந்து அதைச் சொல்கிறது. இருந்தாலும் அவர் பக்கத்தில் உட்கார்ந்தால் எனக்கு ஒரு மிதப்பு வந்துவிடும். அதை ஏன் மறைக்க வேண்டும்?

ஒரு ஆடி மாதம் வந்தபோது, இந்தக் கொடைக்கு நாடகம் போடப் போகிறேன் என்றார்.

கமிட்டிக் கூட்டம் கோவில் மண்டபத்தில் நடந்தது. அண்ணாச்சி நடுவில். நான் மைக்செட் பேச வந்தவன் என்ற முறையில் ஓரமாக நின்றேன். அக்கா வந்து, மதியக் கொடை முடிந்ததும் சாயங்காலம் வெளிச்சத்தோடு ஒரு மணி நேரம் வேண்டும், நம் ஊர்ப் பெண்கள் மூன்று பேரும் நானும் மேடையில் பேசப் போகிறோம் என்றார். அண்ணாச்சி தன் மீசையைத் தடவினார். பக்கத்திலிருந்த பட்டாளத்து மாமா முந்திக்கொண்டார்.

"காலேஜ்ல இருக்க பிள்ள. ஏதாவது விழிப்புணர்வு நாடகம் போடும். நல்லதுதான?"

எங்கள் பக்கம் பாடல் ஆடல் இல்லாமல் யாராவது மேடையேறிப் பேசினால் அது விழிப்புணர்வு. டெங்கு, தலைக்கவசம், பெண் கல்வி, இப்படி ஏதாவது ஒன்று. அண்ணாச்சி அந்தக் கொம்பைப் பிடித்துக்கொண்டார்.

"ஆமா. விழிப்புணர்வுதான்," என்றார்.

அக்கா அண்ணனையே பார்த்தார். மறுத்துச் சொல்வார் என்று நினைத்தேன். "சரி, அப்படியே வச்சுக்கிடுங்க," என்று மட்டும் சொன்னார். மறுநாள் கொடை ஃபிளெக்ஸில், வில்லுப்பாட்டுக்கும் இன்னிசைக் கச்சேரிக்கும் நடுவில் 'மகளிர் விழிப்புணர்வு நிகழ்ச்சி' என்று ஒரு வரி இருந்தது. யார் நடத்துவது என்று போடவில்லை.

நடிக்க வந்த மூன்று பேரில் ஒருத்தி என் வீட்டுக்காரி. தையல் மெஷினுக்கு முன்னால் உட்கார்ந்தால் தலையை நிமிர்த்தாத பெண். இன்னொருத்தி போலீஸ், ஒருத்தி சத்துணவு சமைப்பவள். கேரளாவுக்குக் காய்கறி ஏற்றிப் போகும் லாரிகள் நிற்கும் செட்டில் மத்தியான வேளையில் ஒத்திகை. அக்கா செட்டின் கடைசியில், பழைய டயர்களின் மேல் உட்கார்ந்துகொண்டு, "வந்து சேரல" என்பார். இவர்கள் கத்துவார்கள். "கத்தாதிய. அனுப்புங்க. பஸ்ல பார்சல் போட்டு விடுதோம்லா, இறங்குத இடத்துல ஆளு நிக்கான்னு தெரிஞ்சுதான போடுதோம்? அப்படி ஆளப் பாத்து அனுப்புங்க."

இதனால் என் வீட்டில் நடந்த கூத்தைச் சொல்ல வேண்டும். ஒரு நாள் குளித்துக்கொண்டிருந்தேன். அடுப்படியிலிருந்து 'தோசை ஆறுது' என்று அவள் சொன்னது என் காதுக்குள் வந்து நின்றது. அடுத்த வீட்டுக்காரரும் கேட்டிருக்கிறார். அவரும் சாப்பிட எழுந்துவிட்டதாகப் பிறகு சொன்னார். "ஏன் இந்தக் கத்து கத்துத?" என்றேன். "கத்தல. அனுப்புதேன்," என்றாள். இருபது வருடம் குடும்பம் நடத்தியவனிடம் அவள் முதன்முதலாக நிமிர்ந்து பேசியது அது. எனக்கு அது பிடித்திருந்தது.

நாடகம் அருவியைப் பற்றியது. ஐந்தருவியில் பெண்கள் பக்கம் நான்கு பேர் குளிக்கிறார்கள். தண்ணீர்ச் சத்தத்தில் யார் என்ன பேசினாலும் அடுத்தவருக்குக் கேட்காது. அந்தத் தைரியத்தில் வீட்டில் சொல்ல முடியாததையெல்லாம் ஒவ்வொருத்தியும் வாய்விட்டுச் சொல்கிறாள். லண்டனில் இதை இங்கிலீஷில் மேடையேற்றி, நன்றாக ஓடியதாம். தமிழில் இதுதான் முதல் தடவை. தமிழில் மேடையில் ஒரு வரி பேசுவதே அக்காவுக்கு அதுதான் முதல் தடவை.

சிக்கல் காற்றிலிருந்து வந்தது. செங்கோட்டைக் கணவாய் வழியாக ஆடிக்காற்று மேற்கேயிருந்து அடிக்கும். எங்கள் அம்மன் கிழக்குப் பார்த்தவள். கொடைக்கு மேடை போட்டால் அம்மனைப் பார்த்துத்தான் போட வேண்டும், வில்லுப்பாட்டோ எதுவோ, முகம் அவளுக்கு நேரே இருக்க வேண்டும். ஆக மேடை மேற்கு பார்க்கும், காற்று பேசுகிறவர் வாயிலேயே வந்து அறையும். வார்த்தை முன்னால் போகாது. ஒத்திகைக்கு மேடையில் ஏறி நின்றதும் என் வீட்டுக்காரியின் குரல் பத்தடியில் காணாமல் போனது.

"மைக் போட்டுருவோம்," என்றார் அண்ணாச்சி. "மைக் இல்லாம என்ன கொட?"

"மேடையத் திருப்பிப் போட்டா என்ன?" என்றார்கள் இளவட்டங்கள். "விழிப்புணர்வுதான, சாமி தப்பா நினைக்காது."

அக்கா இரண்டையும் மறுத்தார். மேடையிலிருந்து இறங்கி, கூட்டம் உட்காரும் இடமெல்லாம் தாண்டி, கோவில் நடைவரை போனார். அங்கே நின்று மேடையைத் திரும்பிப் பார்த்தார். பிறகு எங்களிடம் வந்து சொன்னார்:

"கூட்டத்துலயே ரொம்ப தூரத்துல இருக்கது அவதான். கடைசி வரிசையில அம்மன் உக்காந்திருக்கா. அவளுக்குக் கேக்கணும்னுதான் நம்ம முன்னோர் மேடைய அப்படிப் போட்டிருக்காவ. மைக் வச்சா அவளுக்கு அனுப்புத வேலையே இல்ல. நம்ம ஊர்ல காய்கறி லாரி எத்தன நிக்குது?"

கொடைக்குக் கேரளா லோடு கிடையாது, எல்லா லாரியும் ஊரில்தான் நின்றது. கோவிலின் இரண்டு பக்கமும், பின்னால் போகும் ரோட்டை ஒட்டி, லாரிகளை இடைவெளி இல்லாமல் நிறுத்தித் தார்ப்பாயை இழுத்துக் கட்டினால் காற்று மேலே ஏறிப் போய்விடும் என்பது அக்காவின் கணக்கு. டிரைவர்கள் ஆளுக்கொரு பக்கம் திருப்பினார்கள். அதைப் பார்த்துக்கொண்டிருக்க அண்ணாச்சியால் முடியவில்லை. கையில் பிரம்போடு ரோட்டில் இறங்கினார். "ரிவர்ஸ் எடுலே. இன்னும். இன்னும். நிப்பாட்டு." பழைய டிராஃபிக் போலீஸ் அவருக்குள் எழுந்துவிட்டார். பம்பரும் பம்பரும் ஒட்டி நிற்கும்படி அத்தனை லாரியையும் அடுக்கிவிட்டுத்தான் வந்தார்.

"நாடகத்துக்குன்னு இல்ல. தூசி அம்மன் மேல அடிக்குது," என்றார், யாரும் கேட்காமலே.

நான் என் பங்குக்கு ஒரு மைக்கை மேடை ஓரத்தில் நிறுத்தி வைத்தேன். ஒரு பாதுகாப்புக்குத்தான். சாயங்காலம் வந்து பார்த்தால், அக்கா தன் ஈரத்துண்டை அதில் காயப்போட்டிருந்தார்.

கூட்டம் வந்து உட்கார்ந்தது. என் இடம் வழக்கம்போலக் கடைசி, கோவில் நடைக்குப் பக்கத்தில். அங்கே அண்ணாச்சி தூணை ஒட்டி நின்றுகொண்டிருந்தார். "நான் அம்மன் வேலையா நிக்கேன்," என்று என்னிடம் சொல்லிவிட்டு, எரிந்துகொண்டிருந்த விளக்கின் திரியைத் தூண்டினார்.

நான்கு பெண்களும் மேடையில் வந்து நின்றார்கள். மைக் இல்லை என்று தெரிந்ததும் கூட்டத்தில் சலசலப்பு. ஒருவன் விசிலடித்தான். அக்கா பேசவில்லை. கூட்டத்தையும் பார்க்கவில்லை. எங்கள் தலைகளுக்கு மேலாக நேரே நடையைப் பார்த்துக்கொண்டு நின்றார். அவர் எதைப் பார்க்கிறார் என்று ஒவ்வொருவராகத் திரும்பிப் பார்த்தார்கள். அம்மன்தான் தெரிந்தாள். பேச்சு தானாக நின்றது.

அப்போது அவர் பேசினார். கத்தவில்லை. அடுப்படியிலிருந்து பேசுகிற குரல்தான். அது அத்தனை பேரையும் கடந்து வந்து என் டெஸ்க்குக்கு முன்னால் நின்றது. மேலே காற்று லாரித் தார்ப்பாய்களில் மோதி 'ஹோ' என்று இரைந்துகொண்டிருந்தது. அருவிச் சத்தத்துக்கு அதுவே போதுமானதாக இருந்தது. என் ஆம்ப்ளிஃபயரில் சிவப்பு விளக்குகூட எரியவில்லை. மைக்செட்காரன் ஒருவன் தன் பெட்டி அணைந்து கிடந்ததற்காகப் பெருமைப்பட்டது எங்கள் தொழிலில் அன்றைக்கு மட்டும்தான் இருக்கும். என் வீட்டுக்காரி பேசிய வரிகள் ஒவ்வொன்றும் வந்து சேர்ந்தன. பக்கத்தில் நின்ற பட்டாளத்து மாமாவிடம், "அது எங்க வீட்ல," என்று இரண்டு தடவை சொல்லிவிட்டேன்.

மூன்றாவது காட்சியில் அக்காவின் முறை வந்தது. இல்லாத தண்ணீருக்குக் கீழே தலை குனிந்து நின்றபடி சொன்னார்:

"எங்க அண்ணன் என்னைய பஸ் ஏத்திவிட்டான். அழாதன்னு சொல்லிட்டுத் திரும்பிப் பாக்காமப் போனான். நான் ஜன்னல் வழியாப் பாத்தேன். ஒரு கடைக்குப் பின்னாடி மறைஞ்சு நின்னு பாத்துக்கிட்டிருந்தான். பஸ்ஸு திரும்புத வரைக்கும் நின்னான். அவன் சொன்ன எதையும் நான் கேக்காமப் போனேன். ஆனா அவன் அங்கன நின்னதை நான் எல்லா ஊர் மேடையிலயும் சொல்லிட்டேன். அவன்கிட்ட மட்டும் சொல்லல."

நான் அண்ணாச்சியைப் பார்க்காமல் இருக்கப் பார்த்தேன். முடியவில்லை. திரியைத் தூண்டும் குச்சியைக் கையில் பிடித்தபடி அப்படியே நின்றார். பிறகு தோள்துண்டை எடுத்துக் கழுத்தையும் முகத்தையும் சேர்த்துத் துடைத்துக்கொண்டு நடைக்கு உள்ளே போய்விட்டார்.

கூட்டம் கைதட்டி ஓய்ந்த பிறகு மேடையிலிருந்து அக்கா என்னைத் தேடி, "கடைசியில கேட்டுச்சா?" என்றார். கேட்டது என்று கையை ஆட்டினேன். அவர் கேட்டது என்னையல்ல என்று எனக்குத் தெரியும். அண்ணாச்சி அங்கே இல்லை.

மறுநாள் காலையில் வயர்களைச் சுருட்டிக்கொண்டு அவர்கள் வீட்டுக்குப் போனேன். அக்கா முற்றத்தில் உட்கார்ந்து ஆப்பம் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். கண் வீங்கியிருந்தது. அண்ணன் நேற்றிலிருந்து ஒரு வார்த்தை பேசவில்லை என்று மெதுவாகச் சொன்னார். அதற்குள் அண்ணாச்சியே பின்பக்கத்திலிருந்து வந்தார், பல்பொடியை உள்ளங்கையில் வைத்துக்கொண்டு.

"ஏட்டி, மூணாவது சீன்ல தப்பு இருக்கு," என்றார்.

அக்கா நிமிர்ந்தார்.

"நான் உன்ன ஏத்திவிட்டது பஸ்ஸு இல்ல. ரயிலு. தென்காசி ஸ்டேஷன்ல. நான் நின்னது கடைக்குப் பின்னாடி இல்ல, தண்ணித் தொட்டிக்குப் பின்னாடி."

"ரயிலு மேடைக்குள்ள வராதுண்ணே."

"பஸ்ஸு மட்டும் வந்துச்சா?" என்றார். "நடந்ததைச் சொன்னா நடந்தபடி சொல்லு. எஃப்.ஐ.ஆர்ல இப்படி எழுதினா கேஸு நிக்காது."

அக்கா சிரித்த சிரிப்பில் ஆப்பம் புரையேறியது. அண்ணாச்சி சொம்பை எடுத்துக் கொடுத்துவிட்டு, தலையில் இரண்டு தட்டுத் தட்டிவிட்டு, வாய் கொப்பளிக்கப் போய்விட்டார். அடுத்த முறை லண்டனில் அந்த நாடகம் நடந்தபோது பஸ் ரயிலாக மாறிவிட்டது என்று அக்கா ஃபோனில் சொன்னார். தண்ணீர்த் தொட்டியும் வந்துவிட்டதாம்.

இருந்தாலும் அவர் கேட்ட அந்த ஒன்று கிடைக்கவில்லை. அண்ணாச்சி அதற்குப் பிறகும் வெளியாட்களிடம் 'தங்கச்சி காலேஜ்ல இருக்கா' என்றுதான் சொல்லிவந்தார். எனக்கு ஆத்திரமாக வரும். அக்காவிடம் சொன்னால், "விடுலே, கேட்டாம்லா, அது போதும்" என்பார். போதாது என்பது அவர் குரலிலேயே தெரியும்.

போன சீசனுக்கு அவர் வரவில்லை. உடம்புக்கு முடியவில்லை என்றார்கள். பிறகு ஒரு நாள் அங்கேயே போய்ச் சேர்ந்துவிட்டார் என்று செய்தி வந்தது. அண்ணாச்சி பாஸ்போர்ட்கூட எடுத்திராதவர். கடைசி முகத்தை ஃபோனில்தான் பார்த்தார்.

ஊர்ச் சமுதாயக் கூடத்தில் நினைவுக் கூட்டம் வைத்தார்கள். நான்தான் மைக்செட். மேடையில் அக்காவின் படம், மாலை. ஃபிளெக்ஸில் பெயரும் தோற்றமும் மறைவும் மட்டும்தான் இருந்தன. பேசியவர்கள் எல்லாரும் மைக்கைப் பிடித்துக்கொண்டு 'பேராசிரியை' என்றார்கள். மகளிருக்காக விழிப்புணர்வுப் பணி ஆற்றியவர் என்றார்கள். சத்தத்தைக் குறைத்துவிடலாமா என்றுகூட எனக்குக் கை துறுதுறுத்தது. முன்வரிசையில் உட்கார்ந்திருந்த என் வீட்டுக்காரி திரும்பித் திரும்பி என்னை முறைத்தாள், ஏதோ நான் அவர்களை அப்படிப் பேசவைத்ததுபோல.

கடைசியாக அண்ணாச்சியைக் கூப்பிட்டார்கள். அவர் எழுந்து மேடைக்குப் போகவில்லை. கூட்டத்தின் நடுவே நடந்து பின்னால் வந்தார். என் பக்கத்தில் கிடந்த காலி நாற்காலியில் உட்கார்ந்தார். அங்கிருந்து மேடையையும் படத்தையும் கொஞ்ச நேரம் பார்த்தார். எல்லாரும் திரும்பி அவரைப் பார்த்தார்கள்.

"இங்கனதான் உக்காருவாளா?" என்று கேட்டார்.

"ஆமா அண்ணாச்சி."

"மைக்க அமத்து."

அணைத்தேன். அவர் எழுந்து முன்னால் போனார். மைக் ஸ்டாண்டைத் தூக்கி ஓரமாக வைத்தார். வயசாகிவிட்டது, இருந்தாலும் பரேடில் நிற்பதுபோல நிமிர்ந்து நின்று, எங்கள் எல்லாருக்கும் மேலாக நேரே என் மூலையைப் பார்த்தார்.

"கடைசியில கேக்குதா?"

"கேக்குது அண்ணாச்சி," என்றேன். என் குரல்தான் சரியாகப் போய்ச் சேரவில்லை.

"எந்தங்கச்சி காலேஜ்ல வேலை பாக்கல. நான் உங்ககிட்ட சொன்னது பொய்யி. அவ நாடகக்காரி. எழுதுவா, நடிப்பா, நாலு பேரை நடிக்க வைப்பா. லண்டன்ல பெரிய நாடகக்காரி. தென்காசி ஸ்டேஷன்ல அவளை ரயிலேத்தி விட்டது நான்."

கூடத்துக்கு வெளியே, ரோட்டைத் தாண்டி எதிர்ப்பக்கம் பஸ்ஸுக்காக நின்றவர்கள் திரும்பிப் பார்த்தார்கள்.